பக், பபிள்ஸ்: தொலைக்காட்சியின் தொடக்க நாளில் ஆடிய அந்த இருவர் யார்?

வினாத்தாள் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். மாதம் ஒருமுறை நண்பர்கள் பதினைந்து இருபது பேர் கூடி வினாடி வினா நடத்துவோம். கேள்வி தயாரிக்கிற வேலை எப்போதும் என் தலையில்தான் விழும். போன மாதம் பழைய தொலைக்காட்சி பற்றி ஒரு சுற்று வைத்திருந்தேன். அதில் நான்காவது கேள்வி, "தொலைக்காட்சியில் முதன்முதலில் தோன்றிய கறுப்பினக் கலைஞர்கள் யார்?"

விடைத்தாளில் நான் எழுதி வைத்திருந்தது: பக் அண்ட் பபிள்ஸ். 1936 நவம்பர் 2, லண்டன், அலெக்ஸாண்ட்ரா பேலஸ். பி.பி.சி. தொலைக்காட்சிச் சேவையின் தொடக்க நாள்.

ஒருவருக்கும் விடை தெரியவில்லை. அதில் எனக்குக் கொஞ்சம் சந்தோஷம்தான், கேள்வி போடுகிறவர்களுக்கு அந்தக் கெட்ட புத்தி உண்டு. பெருமையாக விடையைப் படித்தேன். உடனே பின்வரிசையிலிருந்து ஒருவர், "சரி, அவர்கள் என்ன செய்தார்கள்?" என்றார். "ஆடினார்கள், பாடினார்கள்" என்று சமாளித்தேன். "இரண்டு பேரில் யார் பக், யார் பபிள்ஸ்?" என்றார். தெரியவில்லை. "1936-க்கு முன்னால் தொலைக்காட்சியே கிடையாதா? முதன்முதலில் என்று எப்படி அடித்துச் சொல்கிறீர்கள்?" என்றார் இன்னொருவர். அதற்கும் என்னிடம் பதில் இல்லை. கடைசியில் அந்தக் கேள்வியையே ரத்து செய்யச் சொல்லி ஓட்டெடுப்பு நடத்தினார்கள், ரத்தும் ஆனது. ஏழு வருடமாகக் கேள்வி போடுகிறேன், இப்படி ஆனது இதுதான் முதல் தடவை.

வீட்டுக்கு வந்து தேடினேன். எங்கே பார்த்தாலும் அதே ஒரு வரி, "தொலைக்காட்சியில் தோன்றிய முதல் கறுப்பினக் கலைஞர்கள்". ஒருவரைப் பார்த்து இன்னொருவர் எழுதியது போலவே இருக்கிறது. நானும் அப்படித்தான் எழுதியிருக்கிறேன், குறை சொல்ல எனக்கு வாய் இல்லை.

இரண்டு வாரம் தோண்டியதில் கிடைத்தது இவ்வளவு. பியானோ வாசித்தவர் பக், உண்மைப் பெயர் ஃபோர்டு லீ வாஷிங்டன், பிறந்தது 1903. ஆடியவர் பபிள்ஸ், உண்மைப் பெயர் ஜான் வில்லியம் சப்லெட், பிறந்தது 1902. அமெரிக்காவில் கென்டக்கி மாநிலத்து லூயிவில் நகரில் சிறுவர்களாக இருக்கும்போதே ஜோடி சேர்ந்தவர்கள். பத்து வயதுப் பையனும் ஆறு வயதுப் பையனுமாகச் சேர்ந்தார்கள் என்று ஒரு கதை சொல்கிறார்கள். பிறந்த வருடங்களைக் கழித்துப் பார்த்தால் இரண்டு வயதுகூட வித்தியாசம் வரவில்லை. மேடைக்காரர்களின் வயதுக் கணக்கு எல்லா ஊரிலும் ஒன்றுதான் போல.

இப்போது என் கேள்விகள். அன்று அவர்கள் செய்ததைப் பார்க்க ஏதாவது வழி உண்டா? இவர்கள் எந்த அளவுக்குப் பெரிய ஆட்கள், அல்லது அன்றைக்குக் கையில் அகப்பட்ட ஒரு ஜோடியா? அந்த "முதல்" சரியா, தவறா? அடுத்த கூட்டத்துக்கு முன்னால் நான் மானத்தைக் காப்பாற்றியாக வேண்டும்.

---

பிக்சர்_டியூப் பதில்:

முதல் கேள்விக்கு மட்டும் நான் சொல்கிறேன். முப்பது வருடம் தொலைக்காட்சிப் பெட்டி பழுது பார்த்தவன். நடனம், பாட்டு எல்லாம் எனக்குத் தெரியாது. அது தெரிந்தவர்கள் வருவார்கள்.

பார்க்க முடியாது. அன்றைய நேரலை பதிவாகவில்லை, பதிவு செய்கிற வசதியும் அப்போது கிடையாது. போருக்குப் பிறகு, 1947 வாக்கில்தான் திரையில் ஓடுகிற படத்தைத் திரும்பப் படச்சுருளில் பிடிக்கும் முறை பி.பி.சி.க்கு வந்தது. அந்தத் தொடக்க நாளில் பாடிய அடேல் டிக்ஸனின் பாட்டை நீங்கள் பார்த்திருக்கலாம், 'டெலிவிஷன்' என்றே பெயர் கொண்ட அந்தப் பாட்டு. அதை அன்றைய நேரலை என்று நினைத்துப் பலர் பகிர்கிறார்கள். அப்படி இல்லை, அது 'டெலிவிஷன் கம்ஸ் டு லண்டன்' என்ற படத்துக்காகத் தனியாக எடுத்தது. படமும் அதே நாள் இரவு ஒளிபரப்பானது, அதனால்தான் குழப்பம்.

ஆனால் அந்த மதியம் எப்படி இருந்திருக்கும் என்று என்னால் ஓரளவு சொல்ல முடியும். எனக்குப் பிடித்த விஷயமும் அதுதான்.

ஒரே கட்டடத்தில் இரண்டு கம்பெனிகளின் இரண்டு முறைகள் போட்டி போட்டுக்கொண்டிருந்தன. ஒன்று தொலைக்காட்சி முன்னோடி ஜான் பேர்டின் கம்பெனியுடைய 240 வரி (படம் எத்தனை கிடைக்கோடுகளால் ஆனது என்ற கணக்கு), இன்னொன்று மார்க்கோனி-இ.எம்.ஐ.யின் 405 வரி. 240 வரி இருந்தாலே "உயர்தெளிவு" என்று அன்றைய அரசுக் குழு வரையறுத்திருந்தது, இன்றைக்குக் கேட்டால் சிரிப்பு வரும். யார் முதலில் ஒளிபரப்புவது என்று காசு சுண்டிப் பார்த்தார்கள். பேர்ட் பக்கம் விழுந்தது. அதனால் தொடக்க விழாப் பேச்சுகளை எல்லாம் பேர்ட் முறையில் ஒரு தடவை, பக்கத்து ஸ்டுடியோவில் மார்க்கோனி முறையில் இன்னொரு தடவை என்று இரண்டு முறை பேசினார்கள். தபால்துறை அமைச்சரும் அதே பேச்சை மறுபடி பேசவேண்டியதாயிற்று.

பேர்ட் முறையில் ஸ்டுடியோவுக்கு என்ன செய்தார்கள் தெரியுமா? நேரடியாகப் படம் அனுப்பவில்லை. சினிமா கேமராவில் படம் பிடித்து, அந்தச் சுருள் அப்படியே கீழே ரசாயனத் தொட்டிக்குள் இறங்கி, கழுவி, ஈரம் காயாமலே ஒளிக்கற்றையால் வருடி அனுப்புவார்கள். மொத்தம் ஏறக்குறைய ஒரு நிமிடம் ஆகும். "நேரலை" என்பது ஒரு நிமிடம் பழையது. கேமராவோடு தொட்டியும் குழாயும் சேர்ந்து இருப்பதால் அதை முன்னே பின்னே நகர்த்த முடியாது, நட்டு வைத்த கல் மாதிரி. ஆடுகிறவர்தான் கேமராவின் பார்வைக்குள் நின்று ஆட வேண்டும்.

மார்க்கோனி பக்கம் எமிட்ரான் கேமரா. அது நகரும். ஆனால் கேமராக்காரர் பார்க்கிற கண்ணாடியில் படம் தலைகீழாகத் தெரியும். டேப் டான்ஸ், அதாவது காலணியின் அடியில் உலோகத் தகடு வைத்துத் தாளம் தட்டி ஆடும் நடனம், ஆடுகிற ஒருவரின் பாதங்களைத் தலைகீழாகப் பின்தொடர்ந்துகொண்டு ஓடியவரை நினைத்துப் பாருங்கள். எனக்கு அந்த ஆள் மேல்தான் அனுதாபம்.

அடுத்தது, பார்த்தவர்கள். லண்டனிலும் சுற்றுவட்டாரத்திலும் சில நூறு பெட்டிகள்தான். ஒரு பெட்டியின் விலை கிட்டத்தட்ட 100 கினி, அதாவது 105 பவுண்டு. சிறிய ஃபோர்டு காரே அப்போது 100 பவுண்டுக்குக் கிடைத்தது. பிக்சர் டியூப் அவ்வளவு நீளம் என்பதால் சில பெட்டிகளில் அதைச் செங்குத்தாக நிறுத்தி வைத்திருப்பார்கள். மூடியைத் தூக்கினால் உள்பக்கம் கண்ணாடி இருக்கும், அந்தக் கண்ணாடியில் விழுகிற பிம்பத்தைத்தான் குடும்பமே பார்க்கும். படத்தின் அளவு 10 அங்குலத்துக்கு 8.

பேர்ட் முறையின் ஆயுள் அவ்வளவுதான். நவம்பர் கடைசி நாளில் லண்டனின் கிரிஸ்டல் பேலஸ் என்ற கண்ணாடி மாளிகை எரிந்தபோது அங்கே இருந்த அவர்களுடைய ஆய்வுக்கூடமும் போயிற்று. 1937 பிப்ரவரியிலிருந்து 405 வரி மட்டும். அது பிரிட்டனில் 1985 வரை ஓடியது. நான் வேலை கற்றுக்கொண்ட பழைய புத்தகங்களில்கூட அதன் சர்க்யூட் இருக்கும்.

ஒன்று யோசியுங்கள். பேர்ட் முறையில் அன்று படச்சுருள் இருந்தது. ஆனால் அது பாதுகாப்பதற்காக எடுத்த படம் இல்லை. ஒரு நிமிடம் தாண்டியதும் அதன் வேலை முடிந்துவிடும்.

---

குதிகால் பதில்:

"கையில் அகப்பட்ட ஒரு ஜோடியா" என்று கேட்டீர்களே, அதைப் படித்ததும் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். நாற்பத்தோரு வயதில் டேப் டான்ஸ் கற்கத் தொடங்கி ஆறு வருடம் ஆகிறது. கீழ்வீட்டுக்காரர் இரண்டு முறை மாடியேறி வந்து சண்டை போட்டாகிவிட்டது. அதனால் இதைச் சொல்ல எனக்குக் கொஞ்சம் தகுதி உண்டு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் வகுப்பில் முதல் மாதம் முழுக்க நுனிக்காலில்தான் நிற்கவைப்பார்கள். எடையை முன்னால் வைத்து, லேசாக, வேகமாக. பழைய பாணி அது. பில் ராபின்சன் அந்தப் பாணியின் ராஜா. மாடிப்படியில் ஏறி இறங்கி ஆடுவாரே, அவர்தான். இரண்டாவது மாதம் ஆசிரியர், "இப்போது குதிகாலை இறக்கு" என்றார். இறக்கினேன், வேறு ஓசை வந்தது. நுனிக்காலுக்கு "டிக்" என்றால் குதிகாலுக்கு "டும்". திடீரென்று ஒரு காலுக்குள் இரண்டு வாத்தியம் இருப்பதுபோல் ஆகிவிட்டது. "இதைக் கொண்டுவந்தவர் பபிள்ஸ்" என்றார் ஆசிரியர். எனக்கு அந்தப் பெயர் அறிமுகமானது அப்படி, தொலைக்காட்சி வழியாக இல்லை.

அவர் செய்தது என்னவென்றால், வேகத்தைப் பாதியாகக் குறைத்தார். நம் பாஷையில் சொன்னால் சவுக்க காலத்துக்கு இறக்கினார். காலம் இறங்கியதும் ஒவ்வொரு அடிக்கும் நடுவில் இடம் கிடைத்தது. அந்த இடத்தில் குதிகாலையும் நுனிக்காலையும் வைத்து எண்ணிக்கைக்கு வெளியே விழுகிற அடிகளை நிரப்பினார். எங்கே எடுப்பு, எங்கே முடிப்பு என்று கேட்கிறவருக்குப் பிடிபடாது, சரியாகச் சமத்தில் வந்து உட்கார்ந்துவிடுவார். 'ரிதம் டேப்' என்று அதற்குப் பெயர். ஜாஸ் வாத்தியக்காரர்களோடு சரிக்குச் சமமாக ஒரு டான்ஸர் உரையாட முடிந்தது அதற்கப்புறம்தான். டேப் உலகில் அவரை ரிதம் டேப்பின் தந்தை என்றே சொல்வார்கள்.

எடுத்த எடுப்பிலேயே அப்படி வந்துவிடவில்லை. நியூயார்க், ஹார்லெமில் ஹூஃபர்ஸ் கிளப் என்று ஒரு இடம். டான்ஸர்கள் கூடி ஒருவர் அடியை ஒருவர் திருடுகிற இடம் அது. ரகசியம் ஒன்றும் இல்லை, திருட்டுதான் அங்கே விதி. இளவயதில் பபிள்ஸ் அங்கே போய் ஆடிக்காட்டியபோது சிரித்து அனுப்பிவிட்டார்கள். போய்ப் பயிற்சி செய்துவிட்டுத் திரும்பி வந்தார். பிறகு யாரும் சிரிக்கவில்லை. நான் வகுப்பில் சொதப்புகிற நாளெல்லாம் இந்தக் கதையை எனக்கே சொல்லிக்கொள்வேன்.

சரி, பக். எல்லோரும் அவரை விட்டுவிடுகிறார்கள், எனக்குக் கோபம் வருகிற இடம் அது. பபிள்ஸ் ஆடும்போது அவர் பியானோவில் சோம்பேறித்தனமாகச் சாய்ந்துகொண்டு, தூங்கிவிட்டாரோ என்று நினைக்கிற நேரத்தில் ஒரு ஸ்வரக்கட்டைத் தாமதமாகப் போடுவார். அந்தத் தாமதம்தான் நகைச்சுவை, தாளமும் அதுவேதான். சில இடங்களில் பியானோவை முழுக்க நிறுத்திவிடுவார், காலடி மட்டும் கேட்கும். எப்போது வாசிக்கக்கூடாது என்று தெரிந்த பக்கவாத்தியம். அப்புறம் எழுந்து வந்து பபிள்ஸ் ஆடியதைத் தானும் ஆட முயல்வதுபோல் கோணலாக ஆடுவார். அந்தக் கோணலை ஆட எவ்வளவு தாளம் தெரிந்திருக்கவேண்டும் என்பது ஆடிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்.

அவர் வெறும் பக்கவாத்தியம் இல்லை என்பதற்குச் சாட்சி இரண்டு. 1930-ல் ஜாஸ் ட்ரம்பெட் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங் 'டியர் ஓல்ட் சவுத்லேண்ட்' பதிவு செய்தபோது ட்ரம்பெட்டும் பியானோவும் மட்டும்தான், பியானோ பக். 1933 நவம்பர் 24-ல் ப்ளூஸ் பாடகி பெஸ்ஸி ஸ்மித் பாடிய கடைசி ஒலிப்பதிவிலும் பியானோ பக். இசைத்தட்டில் 'பக் அண்ட் ஹிஸ் பேண்ட்' என்றே போட்டிருக்கும். 'கிம்மி எ பிக்ஃபுட்' பாட்டு அந்தப் பதிவில் வந்ததுதான்.

இப்போது 1936-க்கு வருகிறேன். அவர்கள் லண்டன் வந்தபோது எந்த உயரத்தில் இருந்தார்கள்? அதற்கு முந்தைய வருடம், 1935 அக்டோபரில், நியூயார்க் ஆல்வின் தியேட்டரில் இசையமைப்பாளர் ஜார்ஜ் கெர்ஷ்வினின் 'போர்கி அண்ட் பெஸ்' இசைநாடகம் அரங்கேறியது. அதில் 'ஸ்போர்ட்டிங் லைஃப்' என்ற போதைப்பொருள் வியாபாரி பாத்திரத்தை முதலில் ஏற்றவர் பபிள்ஸ். 'இட் எய்ன்ட் நெசஸரிலி ஸோ' பாட்டை மேடையில் முதலில் பாடியவரும் அவர்தான். இவ்வளவுக்கும் அவருக்கு இசைக்குறிப்பு வாசிக்கத் தெரியாது. சங்கீதப் பள்ளியில் படித்துவந்த மற்ற பாடகர்களுக்கு நடுவில் இவர் ஒவ்வொரு நாளும் ஒரு மாதிரி பாடுவார், அவர்கள் தவிப்பார்கள். கெர்ஷ்வின் அவரை விட்டுக்கொடுக்கவில்லை. அதே நாடகத்தில் பக்குக்கு 'மிங்கோ' வேடம்.

இன்னொன்றையும் கேளுங்கள். 1936-லேயே வெளிவந்த 'ஸ்விங் டைம்' படத்தில் ஹாலிவுட்டின் வெள்ளைக்கார நடன நட்சத்திரம் ஃப்ரெட் அஸ்டேர் முகத்தில் கரி பூசிக்கொண்டு 'பொஜாங்கிள்ஸ் ஆஃப் ஹார்லெம்' என்று ஒரு நடனம் ஆடுவார். பொஜாங்கிள்ஸ் என்பது பில் ராபின்சனின் பட்டப்பெயர், அதனால் பெயரளவில் அது அவருக்கு வணக்கம். உடையையும் ஆட்டத்தையும் பார்த்தால் அது பபிள்ஸின் ஸ்போர்ட்டிங் லைஃப். அலெக்ஸாண்ட்ரா பேலஸில் சில நூறு பெட்டிகளுக்காக பபிள்ஸ் ஆடிய அந்த இலையுதிர்காலத்தில், அவருடைய சாயல் உலகமெங்கும் தியேட்டர்களில் இன்னொருவர் முகத்தோடு ஓடிக்கொண்டிருந்தது.

அன்றைய ஆட்டத்தைப் பார்க்க முடியாவிட்டாலும் ஆட்களைப் பார்க்கலாம். 'வார்சிட்டி ஷோ' (1937), 'எ சாங் இஸ் பார்ன்' (1948) இரண்டிலும் ஜோடியாக வருகிறார்கள். முதல் படத்தில் கல்லூரியில் துப்புரவு வேலை, இரண்டாவதில் ஜன்னல் துடைக்கிறவர்கள். ஹாலிவுட்டில் அவர்களுக்குக் கிடைத்த கதவு அது. பதினோரு வருடத்தில் துடைப்பம் துணியானது, அவ்வளவுதான். பபிள்ஸ் தனியாகப் பிரகாசிக்கிறதைப் பார்க்கவேண்டும் என்றால் 'கேபின் இன் த ஸ்கை' (1943). 'ஷைன்' பாட்டு. கையில் கைத்தடி, தலையில் தொப்பி. நான் அந்த ஒரு காட்சியை வேகத்தைக் கால்வாசியாக்கி எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று கணக்கில்லை. குதிகாலை எப்போது இறக்குகிறார் என்று கண் சொல்லாது, காதுதான் சொல்லும்.

---

எதிர்வழக்கு பதில்:

மூன்றாவது கேள்வி பாக்கி இருக்கிறது. உங்கள் நண்பர்கள் கேள்வியை ரத்து செய்தது சரிதான், மன்னிக்கவும்.

முதலில், 1936-க்கு முன்னால் தொலைக்காட்சி இருந்தது. பி.பி.சி.யே 1932 ஆகஸ்டிலிருந்து 30 வரித் தொலைக்காட்சியை ஒளிபரப்பி வந்தது, இதுவும் பேர்டின் முறைதான். லண்டன் பிராட்காஸ்டிங் ஹவுஸின் அடித்தளத்தில் சிறிய ஸ்டுடியோ. படம் தபால்தலைக்குப் பெரிய அண்ணன், அவ்வளவுதான். ஆனாலும் பாட்டு, நடனம், வேடிக்கை எல்லாம் வந்தன. அதில் 1933-ல் கறுப்பின நடனக் கலைஞர் ஜோசஃபின் பேக்கர் தோன்றியிருக்கிறார். பாரிஸையே கிறங்கடித்தவர், 30 வரியில் எப்படித் தெரிந்தாரோ.

இரண்டாவது, 1936-லேயே, தொடக்க நாளுக்கு இரண்டு மாதம் முன்னால் ஆகஸ்ட் கடைசியில், லண்டன் ஒலிம்பியாவில் வானொலிக் கண்காட்சி நடந்தது. ஸ்டால்கள் விற்கவில்லை, தொலைக்காட்சி காட்டினால் கூட்டம் வரும் என்று கேட்டுக்கொண்டார்கள். செசில் மேடன் என்ற தயாரிப்பாளர் பத்து நாளுக்குள் ஒரு நிகழ்ச்சியைக் கட்டி எழுப்பினார். அதன் பெயர் 'ஹியர்ஸ் லுக்கிங் அட் யூ'. அலெக்ஸாண்ட்ரா பேலஸிலிருந்து அதே இரண்டு முறைகளிலும் மாற்றி மாற்றிப் போனது. ஹெலன் மெக்கே பாடினார், இரண்டு பேர் உள்ளே புகுந்து ஆடுகிற பொம்மைக் குதிரை ஒன்று வந்தது, அப்புறம் சில்டன் அண்ட் தாமஸ் என்ற டேப் டான்ஸ் ஜோடி. கணவனும் மனைவியும். அமெரிக்கக் கறுப்பினக் கலைஞர்கள்.

ஆக உங்கள் கேள்வியை இப்படித் திருத்தலாம்: "பி.பி.சி.யின் முறையான உயர்தெளிவுச் சேவையின் தொடக்க நாளில் ஆடிய கறுப்பின ஜோடி எது?" இதற்கு பக் அண்ட் பபிள்ஸ் என்பது கேள்வி கேட்காமல் ஒப்புக்கொள்ளக்கூடிய விடை. நீளம்தான், என்ன செய்வது? "முதல்" என்ற சொல்லைச் சுருக்கமாகச் சொன்னால் பெரும்பாலும் பொய்யாகிவிடும்.

எனக்கு ஒரு வருத்தம். பக், பபிள்ஸையாவது இந்த ஒரு வரியில் பிடித்து வைத்திருக்கிறார்கள். சில்டன், தாமஸுக்கு அந்த ஒரு வரியும் இல்லை. அதே போல் தொடக்க நாளில் இவர்களோடு லை ஃபவுன்ஸ் என்ற சீன வித்தைக் குழுவும் இருந்தது. அவர்களைப் பற்றி எந்த வினாடி வினாவிலும் கேள்வி வந்து நான் பார்த்ததில்லை.

---

குதிகால் பதில்:

@எதிர்வழக்கு, சில்டன் அண்ட் தாமஸ் டேப் ஜோடி என்பது இவ்வளவு நாளாக எனக்கே தெரியாது. ஆறு வருடம் வகுப்புக்குப் போய் என்ன பிரயோஜனம்! நன்றி.

ஆனால் "ஒரு வரியில் பிடித்து வைத்திருக்கிறார்கள்" என்பதை நான் ஒப்புக்கொள்ளமாட்டேன். அந்த ஒரு வரிதான் அவர்களை மறைக்கிறது. "முதலில் தோன்றியவர்கள்" என்று சொன்னதும் விஷயம் முடிந்துவிட்டதாக நினைக்கிறோம். தோன்றுவது அவர்களுடைய வேலை இல்லையே. அது பி.பி.சி.யின் வேலை. இவர்கள் வேலை குதிகாலை எங்கே இறக்குவது என்பது.

---

பிக்சர்_டியூப் பதில்:

குதிகால் சொன்ன "காதுதான் சொல்லும்" என்ற இடத்தில் ஒன்று தோன்றியது. பேர்ட் முறையில் சத்தத்தையும் படத்தோடு சேர்த்து அதே சுருளில்தான் பதிவார்கள். இல்லாவிட்டால் சத்தம் இப்போதும் படம் ஒரு நிமிடம் கழித்தும் வரும். அந்தச் சுருள் தொட்டிக்குள் இறங்கி ஈரத்தோடு வருகிறது. தண்ணீருக்குள் படிக்கிற ஒலித்தடம் எந்த லட்சணத்தில் இருந்திருக்கும்? டிக் எது, டும் எது என்று வீட்டில் பெட்டி முன்னால் உட்கார்ந்திருந்த ஒருவருக்குப் பிரித்துத் தெரிந்திருக்குமா என்பது சந்தேகம்தான். மார்க்கோனி முறையில் அந்தச் சிக்கல் கிடையாது. படம் பளிச்சென்று வந்ததைவிட இதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது இப்போது.

---

வினாத்தாள் பதில்:

எல்லோருக்கும் நன்றி. மானத்தைக் காப்பாற்றத்தான் வந்தேன், நீங்கள் வேறு எங்கோ கொண்டுபோய் விட்டுவிட்டீர்கள்.

நேற்று இரவு 'டியர் ஓல்ட் சவுத்லேண்ட்' கேட்டேன். ஆம்ஸ்ட்ராங்கை ஒதுக்கிவிட்டுப் பியானோவை மட்டும் பின்தொடர்வது என்று முடிவு செய்துகொண்டுதான் உட்கார்ந்தேன். முதல் தடவை முடியவில்லை, அந்த ட்ரம்பெட் இழுத்துக்கொண்டு போய்விடுகிறது. மூன்றாவது தடவை பிடிபட்டது. ஆம்ஸ்ட்ராங் மூச்சு விடுகிற இடங்களில் பக் அவசரப்பட்டு நிரப்பவில்லை. காத்திருக்கிறார். இரண்டு பேர் மட்டுமே உள்ள அறையில் அப்படிக் காத்திருக்க எனக்கெல்லாம் தைரியம் வராது.

அவர்கள் கதையின் கடைசியையும் தேடிப் பார்த்தேன். யாரும் எழுதவில்லை என்பதால் போடுகிறேன். 1950-களின் தொடக்கத்தில் பிரிந்தார்கள். பக் 1955 ஜனவரியில் இறந்துபோனார், 51 வயது. பபிள்ஸ் அறுபதுகளில் மறுபடி தலைகாட்டினார். 1967-ல் பாடகியும் நடிகையுமான ஜூடி கார்லண்டின் நியூயார்க் பேலஸ் தியேட்டர் நிகழ்ச்சியில் அவரும் மேடையேறினார். அதே வருடம் பக்கவாதம் வந்து ஒரு பக்கம் பாதிக்கப்பட்டது. ஆட்டம் நின்றது. அதற்குப் பிறகும் சில மேடைகளில் பாடினார். 1986-ல் லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

பின்வரிசை நண்பருக்கு இந்த இழையை அனுப்பிவிட்டேன். "இப்போதாவது யார் பக், யார் பபிள்ஸ் என்று தெரிந்ததே" என்று பதில் போட்டார். அவரிடம் அதற்கு மேல் எதிர்பார்க்க முடியாது.

அடுத்த கூட்டத்துக்குப் புதிய கேள்வி எழுதியிருக்கிறேன். சரிபார்த்துச் சொல்லுங்கள்:

"1933-ல் பெஸ்ஸி ஸ்மித்தின் கடைசி ஒலிப்பதிவில் பியானோ வாசித்தவர், 1935-ல் கெர்ஷ்வின் நாடகத்தில் மிங்கோவாக நடித்தவர், 1936-ல் அலெக்ஸாண்ட்ரா பேலஸில் ஒரு தொடக்க விழாவுக்குப் பியானோவோடு வந்தவர். இவர் யார்? கூட ஆடியவர் யார்?"

---

எதிர்வழக்கு பதில்:

தகவலில் பிழை இல்லை. "முதல்" என்ற சொல்லும் இல்லை. என் பக்கம் ஆட்சேபணை எதுவும் கிடையாது.

---

குதிகால் பதில்:

யாருக்கும் விடை தெரியப்போவதில்லை. அந்தக் கெட்ட புத்தி உங்களை விட்டுப் போகவில்லை என்று தெரிகிறது. விடையைப் படிக்கும்போது 'ஷைன்' காட்சியைப் போட்டுக்காட்டுங்கள், இரண்டு நிமிடம் பொறுப்பார்கள்.

---

வினாத்தாள் பதில்:

போட்டுக்காட்டுகிறேன். ஆனால் அது பபிள்ஸின் காட்சி ஆயிற்றே, பக்கையும் கேட்க வேண்டாமா? முதலில் 'டியர் ஓல்ட் சவுத்லேண்ட்', அப்புறம் 'ஷைன்'. பின்வரிசைக்காரர் முணுமுணுத்தால் முணுமுணுக்கட்டும்.